ஐ வில் ஆல்வேஸ் லவ் யூ: 14 வார முதலிடமும் ஒரு பிரிவுப் பாடலும்

ஐ வில் ஆல்வேஸ் லவ் யூ என்பது அமெரிக்கப் பாடகியும் பாடலாசிரியருமான டாலி பார்ட்டன் 1973ஆம் ஆண்டில் எழுதிப் பதிவுசெய்த ஆங்கிலப் பாடலாகும். இது 1974ஆம் ஆண்டில் தனிப்பாடலாக (சிங்கிள்) வெளிவந்து, அமெரிக்காவின் கன்ட்ரி இசைத் தரவரிசையில் முதலிடம் பெற்றது. பதினெட்டு ஆண்டுகளுக்குப் பின், 1992 நவம்பரில், விட்னி ஹியூஸ்டன் 'தி பாடிகார்ட்' திரைப்படத்திற்காகப் பாடிய இதே பாடல் பில்போர்ட் ஹாட் 100 தரவரிசையில் தொடர்ந்து 14 வாரங்கள் முதலிடத்தில் இருந்தது. அந்தத் தரவரிசையில் அதுவரை வேறு எந்தப் பாடலும் அவ்வளவு காலம் முதலிடத்தில் நின்றதில்லை.

வெற்றி பெற்ற பாடல்களைப் பற்றிய எழுத்துகள் பெரும்பாலும் எண்ணிக்கையோடு முடிந்துவிடுகின்றன. எத்தனை வாரம், எத்தனை தட்டு, எத்தனை விருது என்பவை பயனுள்ள செய்திகளே. ஆனால் ஒரு பாடல் எதைச் சொல்கிறது, அதைக் கேட்டவர்கள் எப்படி எடுத்துக்கொண்டார்கள் என்பதை எண்ணிக்கை சொல்லாது. இப்பாடல் அதற்கு ஒரு நல்ல சான்று. இது பிரிந்து செல்பவர் வாழ்த்துச் சொல்லி விடைபெறும் பாடல். உலகம் அதைச் சேர்ந்து வாழ்வதற்கான உறுதிமொழியாக ஏற்றுக்கொண்டது. இக்கட்டுரை அந்த வேறுபாட்டையும், அதில் தரவரிசைக்கு உள்ள பங்கையும் ஆராய்கிறது.

பாலட் என்னும் வகை

ஆங்கிலத்தில் பாலட் என்னும் சொல்லுக்கு இரண்டு பொருள்கள் உண்டு. பழைய பொருளில் அது ஒரு கதையைச் சொல்லும் நாட்டுப்புறப் பாட்டைக் குறிக்கும். தமிழில் கதைப்பாடல் என்று மொழிபெயர்க்கப்படுவது இதுவே. இருபதாம் நூற்றாண்டின் வெகுசன இசையில் அதே சொல், மெதுவான நடையில், பெரும்பாலும் காதலையோ பிரிவையோ பேசும் உணர்ச்சிப் பாடலைக் குறிக்கத் தொடங்கியது. இக்கட்டுரையில் பாலட் என்பது இந்த இரண்டாம் பொருளில் வருகிறது.

பாப் பாலட்டுக்கு ஒரு பொதுவான அமைப்பு உண்டு. அது அடங்கிய குரலில் தொடங்கும். வாத்தியங்கள் ஒவ்வொன்றாகச் சேரும். இறுதிப் பகுதிக்கு முன் சுருதி உயரும். கடைசிப் பல்லவி முழுக் குரலில் ஒலிக்கும். இந்த அமைப்பு கேட்பவரின் எதிர்பார்ப்பைச் சிறிது சிறிதாக ஏற்றி இறுதியில் நிறைவு செய்கிறது. அதனாலேயே இது எளிதில் சலிப்பூட்டும் வாய்பாடாகவும் ஆகிவிடக்கூடியது. ஒரு பாலட்டை மதிப்பிடும்போது, இறுதியில் வரும் உச்சம் பாடலின் பொருளிலிருந்து பிறக்கிறதா, அல்லது வெளியிலிருந்து ஒட்டப்பட்டதா என்பதை முதலில் பார்க்க வேண்டும்.

பாடல் தோன்றிய சூழல்

டாலி பார்ட்டன் 1946ஆம் ஆண்டு சனவரி 19 அன்று டென்னசி மாநிலத்தின் மலைப்பகுதியில் ஓர் ஏழைக் குடும்பத்தில் பிறந்தார். 1967இல், அப்போது புகழ்பெற்றிருந்த போர்ட்டர் வாகனர் என்னும் கன்ட்ரி பாடகரின் தொலைக்காட்சி நிகழ்ச்சியில் சேர்ந்தார். இருவரும் இணைந்து பாடிய பாடல்கள் பல வெற்றி பெற்றன. சில ஆண்டுகள் கழிந்தபின், தனித்து இயங்க வேண்டும் என்ற எண்ணம் பார்ட்டனுக்கு வலுத்தது. வாகனர் அதற்கு உடன்படவில்லை. பேச்சு வளர்ந்து மனக்கசப்பாக மாறியது.

வாதத்தால் சொல்ல முடியாததைப் பாட்டால் சொல்லலாம் என்று எண்ணி இப்பாடலை எழுதியதாகப் பார்ட்டன் பல நேர்காணல்களில் கூறியுள்ளார். எழுதியதை வாகனரிடமே பாடிக் காட்டியபோது அவர் கண்கலங்கியதாகவும் சொல்லியிருக்கிறார். பார்ட்டன் 1974இல் அந்த நிகழ்ச்சியை விட்டு விலகினார். ஆயினும் கசப்பு உடனே தீர்ந்துவிடவில்லை. 1979இல் வாகனர் அவர் மீது 30 லட்சம் டாலர் கேட்டு வழக்குத் தொடுத்தார். வழக்கு நீதிமன்றத்திற்கு வெளியே தீர்க்கப்பட்டது. பின்னர் இருவரும் சமாதானமாயினர். 2007இல் வாகனர் இறக்கும் தறுவாயில் பார்ட்டன் அவரைச் சென்று பார்த்தார்.

இந்தப் பின்னணி பாடலைப் புரிந்துகொள்ளத் தேவையானது. இது காதலனை இழந்த பெண்ணின் புலம்பல் அன்று. தன்னை வளர்த்துவிட்ட மூத்த கலைஞரிடம், நன்றி மறக்காமலும் முடிவை மாற்றிக்கொள்ளாமலும் விடைபெறும் ஓர் இளம் கலைஞரின் சொல். பாடலின் வரிகள் அந்த மூத்தவரின் பெயரையோ தொழிலையோ குறிப்பிடுவதில்லை. அதனால் எந்தப் பிரிவுக்கும் பொருந்துகிறது.

பாடலின் பொருளமைப்பு மூன்று சரணங்களால் ஆனது. முதல் சரணத்தில் பேசுபவர், தான் தங்கினால் மற்றவருக்கு இடையூறாகவே இருப்போம் என்று உணர்ந்து புறப்படுகிறார். இரண்டாவதில், இனிப்பும் கசப்பும் கலந்த நினைவுகளை மட்டும் எடுத்துச் செல்கிறார், அழவேண்டாம் என்கிறார். மூன்றாவதில் மற்றவருக்கு நல்வாழ்வும் மகிழ்ச்சியும், எல்லாவற்றுக்கும் மேலாக அன்பும் வாய்க்க வேண்டும் என்று வாழ்த்துகிறார். முதல் இரண்டு சரணங்களோடு நின்றிருந்தால் இது வருத்தப் பாட்டு. மூன்றாவது சரணமே இதை வாழ்த்துப் பாட்டாக்குகிறது. பார்ட்டன் தமது 1974 பதிவில் இந்த மூன்றாம் சரணத்தைப் பாடாமல் பேச்சாகச் சொல்கிறார். மூன்று நிமிடத்திற்கும் குறைவான அப்பதிவில் குரல் ஓரிடத்திலும் பெரிதாக உயர்வதில்லை.

உரிமையை விட்டுக்கொடுக்காத முடிவு

பாடல் வெளிவந்த காலத்தில் எல்விஸ் பிரெஸ்லி அதைப் பாட விரும்பினார். பார்ட்டனுக்கு அது பெருமகிழ்ச்சி அளித்தது. ஆனால் பிரெஸ்லியின் மேலாளர் கர்னல் டாம் பார்க்கர் ஒரு நிபந்தனை விதித்தார். பிரெஸ்லி பாடும் பாடலின் வெளியீட்டு உரிமையில் பாதியைத் தரவேண்டும் என்பதே அது. பார்ட்டன் மறுத்துவிட்டார். அன்றிரவு முழுதும் அழுததாக அவரே பின்னாளில் கூறினார்.

இந்த மறுப்பின் மதிப்பை உணர, பாட்டுத் தொழிலில் பணம் வரும் வழியை அறிந்திருக்க வேண்டும். ஒரு பதிவில் இருவேறு உரிமைகள் உள்ளன. ஒன்று, சொல்லும் மெட்டும் சேர்ந்த பாடலின் உரிமை. மற்றொன்று, ஒருவர் பாடிய அந்த ஒலிப்பதிவின் உரிமை. முதலாவது எழுதியவருக்கும் வெளியீட்டாளருக்கும் உரியது. இரண்டாவது பொதுவாகத் தட்டு நிறுவனத்திற்கு உரியது. பாடகருக்கு ஒப்பந்தப்படி ஒரு பங்கு கிடைக்கும். அமெரிக்காவில் வழக்கமான வானொலி நிலையங்கள் ஒரு பாடலை ஒலிபரப்பும்போது எழுதியவருக்கும் வெளியீட்டாளருக்கும் உரிமத்தொகை (ராயல்டி) செலுத்துகின்றன. பாடியவருக்குச் செலுத்துவதில்லை. அதாவது 1992 குளிர்காலத்தில் வானொலியில் ஹியூஸ்டனின் குரல் ஒலித்த ஒவ்வொரு முறையும், அந்த ஒலிபரப்புக்கான தொகை பார்ட்டனின் பக்கமே சென்றது.

அந்த வருவாயில் ஒரு பகுதியைக் கொண்டு நாஷ்வில் நகரில் கறுப்பின மக்கள் வாழ்ந்த பகுதியொன்றில் வணிகக் கட்டடம் வாங்கியதாகவும், அதை ஹியூஸ்டன் கட்டித்தந்த வீடாகவே கருதுவதாகவும் பார்ட்டன் 2021இல் ஒரு தொலைக்காட்சி உரையாடலில் கூறினார். பாடலை எழுதுவது ஒரு திறமை. எழுதியதன் மதிப்பை அறிந்து அதைக் காப்பது இன்னொரு திறமை. பல பாடலாசிரியர்களுக்கு இரண்டாவது வாய்ப்பதில்லை.

திரைப்படத்திற்கு வந்த வழி

'தி பாடிகார்ட்' படத்தை மிக் ஜாக்சன் இயக்கினார். ஒரு பாடகியும் அவருக்குக் காவலாக அமர்த்தப்பட்டவரும் நெருங்குவதும், இறுதியில் பிரிவதும் கதை. ஹியூஸ்டன் நடித்த முதல் திரைப்படம் இது. உடன் நடித்த கெவின் காஸ்ட்னர் படத்தின் தயாரிப்பாளர்களில் ஒருவருமாவார்.

படத்தின் முதன்மைப் பாடலாக முதலில் எண்ணப்பட்டது 1966இல் ஜிம்மி ரஃபின் பாடிய 'வாட் பிகம்ஸ் ஆஃப் தி புரோக்கன்ஹார்ட்டட்' என்னும் பாடல். ஆனால் அது 1991இல் வெளியான 'ஃபிரைட் கிரீன் டொமேட்டோஸ்' என்ற வேறொரு படத்தில் இடம்பெற்றுவிட்டது. மாற்றாகக் காஸ்ட்னர் பார்ட்டனின் பாடலைப் பரிந்துரைத்தார். இசைத் தயாரிப்பாளர் டேவிட் ஃபாஸ்டர், லிண்டா ரான்ஸ்டாட் 1975இல் பாடியிருந்த பதிவை அடிப்படையாக எடுத்துக்கொண்டார். அப்பதிவில் மூன்றாம் சரணம் இல்லை. பார்ட்டனுடன் பேசியபோதுதான் அப்படியொரு சரணம் இருப்பது ஃபாஸ்டருக்குத் தெரியவந்தது. அதைச் சேர்த்தே பதிவு செய்தார். பாடலின் உயிரான வாழ்த்துப் பகுதி இவ்வாறு ஒரு தொலைபேசிப் பேச்சால் காப்பாற்றப்பட்டது.

பாடல் படத்தில் இரண்டு இடங்களில் வருகிறது. முதலில் மதுக்கடையொன்றில் இருவரும் நடனமாடும்போது, ஜான் டோ என்னும் பாடகரின் குரலில் கன்ட்ரிப் பாணியில் பின்னணியாக ஒலிக்கிறது. பின்னர் இறுதியில், இருவரும் விமான நிலையத்தில் பிரிந்தபின், நாயகியின் குரலில் முழுமையாக வருகிறது. எனவே படத்திலும் இது பிரிவின் பாடலாகவே அமைந்துள்ளது. திரைக்கதை பாடலின் பொருளை மாற்றவில்லை.

ஹியூஸ்டன் பாடிய முறை

ஹியூஸ்டனின் பதிவு ஏறத்தாழ நாலரை நிமிடம் ஓடுகிறது. அதன் முதல் முக்கால் நிமிடம் அளவுக்கு எந்த வாத்தியமும் இல்லை. குரல் மட்டுமே உள்ளது. இப்படித் தொடங்க வேண்டும் என்று வற்புறுத்தியவர் காஸ்ட்னர். வாத்தியமில்லாத தொடக்கத்தை வானொலி நிலையங்கள் ஏற்காது என்ற அச்சம் தயாரிப்புத் தரப்பில் இருந்தது. அது நியாயமான அச்சமே. வானொலி கேட்பவர் ஒரு பாடல் பிடிக்காவிட்டால் சில நொடிகளில் அலைவரிசையை மாற்றிவிடுவார்.

அந்தத் தொடக்கம்தான் இப்பதிவின் மிகச் சிறந்த பகுதி. தாளம் இல்லாததால் பாடகி ஒவ்வொரு சொல்லையும் தம் விருப்பப்படி நிறுத்தியும் நீட்டியும் பாடுகிறார். இடையில் மூச்சு வாங்கும் ஒலிகூடக் கேட்கிறது. எதிரில் நிற்பவரிடம் சொல்லத் தயங்கும் ஒருவரின் பேச்சுக்கு இது மிக அருகில் இருக்கிறது. பல்லவியில் வாத்தியங்கள் மெதுவாகச் சேர்கின்றன. இரண்டாம் சரணத்தில் தாளம் நிலைபெறுகிறது. பின்னர் கிர்க் வேலம் வாசித்த சாக்சபோன் இடையிசை வருகிறது. அதையடுத்து மூன்றாம் சரணம்.

மூன்றாம் சரணத்தின் முடிவில் ஒரு கணம் எல்லாம் நின்றுவிடுகிறது. டிரம் ஒருமுறை பலமாக ஒலிக்கிறது. அதை அடித்தவர் ரிக்கி லாசன். உடனே பாடல் ஏ மேஜரிலிருந்து பி மேஜருக்கு, அதாவது ஒரு முழுச் சுரம் மேலே, தாவுகிறது. பல்லவியின் முதற்சொல் முழுக் குரலில் நீண்டு ஒலிக்கிறது. ஆங்கிலத்தில் 'நான்' என்று பொருள்படும் சொல் அது. உலகெங்கும் மக்கள் நினைவில் வைத்திருப்பது இந்த இடத்தைத்தான்.

ஒரே அசையைப் பல சுரங்களில் நெளித்துப் பாடும் முறை ஆப்பிரிக்க அமெரிக்கத் தேவாலய இசையில் வேரூன்றியது. கர்நாடக இசை கேட்டுப் பழகியவர்கள் பிருகாக்களை நினைத்துக்கொண்டால் இதன் வேகமும் நுட்பமும் ஓரளவு விளங்கும். ஆனால் இலக்கணம் வேறு. ஹியூஸ்டன் சிறுவயதில் நியூ ஜெர்சி மாநிலத்தின் நியூவார்க் நகரில் உள்ள நியூ ஹோப் பாப்டிஸ்ட் தேவாலயத்தின் பாடகர் குழுவில் பாடி வளர்ந்தவர். அவரது தாய் சிஸி ஹியூஸ்டனும் தேர்ந்த பாடகி. எனவே இப்பதிவில் வரும் அலங்காரங்கள் கற்றுக்கொண்ட வித்தையாக மட்டும் இல்லாமல், அவர் வளர்ந்த வழிபாட்டின் மொழியாகவும் உள்ளன.

தரவரிசையில் வெற்றி

இப்பாடல் 1992 நவம்பர் தொடக்கத்தில், படம் அமெரிக்காவில் திரைக்கு வருவதற்கு மூன்று வாரங்களுக்கு முன்னரே, தனிப்பாடலாக வெளியிடப்பட்டது. ஹாட் 100இல் 40ஆம் இடத்தில் நுழைந்தது. மூன்றாம் வாரத்தில், நவம்பர் 28 தேதியிட்ட பட்டியலில், முதலிடத்தை அடைந்தது. 1993 பிப்ரவரி இறுதி வரை அங்கேயே இருந்தது. ஆர்&பி தரவரிசையில் 11 வாரங்கள் முதலிடம் வகித்தது. இங்கிலாந்தில் 10 வாரங்கள் முதலிடத்தில் இருந்து, 1992ஆம் ஆண்டின் கிறிஸ்துமஸ் முதலிடப் பாடலாகவும் ஆனது. ஆஸ்திரேலியாவிலும் 10 வாரங்கள் முதலிடம் பெற்றது.

படத்தின் இசைத்தொகுப்பும் அதேபோல் விற்றது. 1992 கிறிஸ்துமஸ் வாரத்தில் அமெரிக்காவில் மட்டும் 10 லட்சத்துக்கும் மேற்பட்ட பிரதிகள் விற்றன. 1994 மார்ச் மாத கிராமி விழாவில் இப்பாடல் ஆண்டின் சிறந்த பதிவுக்கான விருதையும் சிறந்த பெண் பாப் குரலுக்கான விருதையும் பெற்றது. இசைத்தொகுப்பு ஆண்டின் சிறந்த தொகுப்பாகத் தேர்வானது. ஆஸ்கர் விருதுக்கு மட்டும் இப்பாடல் தகுதி பெறவில்லை. படத்திற்கென்றே புதிதாக எழுதப்பட்ட பாடலுக்குத்தான் அவ்விருது உண்டு. அதே படத்தின் வேறு இரு பாடல்கள் பரிந்துரைக்கப்பட்டன.

அளவுகோல் மாறிய காலம்

14 வாரம் என்னும் எண்ணை அது எப்படி அளக்கப்பட்டது என்று அறியாமல் மதிப்பிட இயலாது. ஹாட் 100 பட்டியல் 1958 ஆகஸ்டில் தொடங்கியது. அதுமுதல் 1991 வரை 33 ஆண்டுகளில் எந்தப் பாடலும் 10 வாரங்களுக்கு மேல் முதலிடத்தில் இருந்ததில்லை. 1977இல் டெபி பூனும், 1981-82இல் ஒலிவியா நியூட்டன்-ஜானும் அந்த 10 வாரத்தைத் தொட்டனர். ஆனால் 1992இல் பாய்ஸ் டு மென் குழுவின் 'எண்ட் ஆஃப் தி ரோடு' 13 வாரங்கள் நின்றது. அதே ஆண்டின் இறுதியில் வெளிவந்த ஹியூஸ்டனின் பாடல் 14 வாரங்கள் நின்றது. 1994இல் பாய்ஸ் டு மென்னின் மற்றொரு பாடல் 14 வாரங்கள் இருந்தது. 1995-96இல் மரியா கேரியும் பாய்ஸ் டு மென்னும் சேர்ந்து பாடிய 'ஒன் ஸ்வீட் டே' 16 வாரங்களை எட்டியது.

முப்பத்து மூன்று ஆண்டுகள் அசையாத எல்லை நான்கே ஆண்டுகளில் பலமுறை உடைந்தது ஏன்? பாடகர்கள் திடீரென்று மேம்பட்டுவிட்டார்கள் என்பது விடையாகாது. 1991 நவம்பர் இறுதியில் பில்போர்ட் தன் கணக்கெடுக்கும் முறையை மாற்றியது. அதற்கு முன், கடைக்காரர்களும் வானொலி நிலையத்தாரும் எந்தப் பாடல் நன்றாகப் போகிறது என்று தொலைபேசியில் சொன்னதை வைத்துப் பட்டியல் தயாராயிற்று. இதில் ஊகமும் இருந்தது. தட்டு நிறுவனங்களின் அழுத்தமும் இருந்தது. பழைய பாடல் இன்னும் விற்றுக்கொண்டிருந்தாலும், புதிய பாடலை முன்னே தள்ளுவதில் பலருக்கு ஆர்வம் இருந்தது. புதிய முறையில் சவுண்ட்ஸ்கேன் நிறுவனம் கடைகளின் பட்டைக்குறி (பார்கோடு) வாயிலாக உண்மை விற்பனையை எண்ணியது. வானொலி ஒலிபரப்பும் மின்னணுக் கருவிகளால் கண்காணிக்கப்பட்டது. மக்கள் ஒரு பாடலை எவ்வளவு நாள் விரும்பிக் கேட்கிறார்கள் என்பது அப்போதுதான் சரியாகத் தெரியவந்தது. தொழில்துறை எண்ணியதைவிட மிக நீண்ட நாள் கேட்கிறார்கள் என்பதே அந்தக் கணக்கு சொன்ன செய்தி.

இந்த நான்கு பாடல்களும் பாலட் வகையைச் சேர்ந்தவை என்பது கவனிக்கத்தக்கது. ஆட்டப்பாடல் ஒரு பருவத்தின் விருப்பம். விரைவில் அடுத்தது வந்துவிடும். பாலட்டைப் பல வயதினரும் கேட்கிறார்கள். இளைஞர்களுக்கான நிலையமும், பெரியவர்களுக்கான நிலையமும், ஆர்&பி நிலையமும் ஒரே பாடலை ஒலிபரப்ப முடிகிறது. புதிய அளவுகோல் வந்ததும் இத்தகைய பாடல்களின் உண்மை நிலை வெளிப்பட்டது.

எனவே ஹியூஸ்டனின் சாதனையை 1960களின் அல்லது 1970களின் பாடல்களோடு வார எண்ணிக்கையை வைத்து ஒப்பிடுவது பொருந்தாது. அவை வேறு தராசில் நிறுக்கப்பட்டவை. அதேவேளை, தராசு மாறியதால் மட்டுமே வெற்றி கிடைத்தது என்பதும் தவறு. அதே தராசில் அந்த ஆண்டு நிறுக்கப்பட்ட மற்றப் பாடல்களில் இந்த எடையை எட்டியவை எவையும் இல்லை.

கேட்டவர்கள் எடுத்துக்கொண்ட பொருள்

இவ்வளவு பேர் கேட்ட பாடலை அவர்கள் எப்படிப் புரிந்துகொண்டார்கள் என்பது அடுத்த கேள்வி. மேலை நாடுகளில் இது திருமணங்களில் விரும்பி இசைக்கப்படும் பாடலாக ஆனது. பிரிந்து போகிறேன் என்று சொல்லும் பாட்டு, சேர்ந்து வாழத் தொடங்கும் நாளில் ஒலிக்கிறது. இதற்குக் காரணங்கள் இரண்டு.

முதற்காரணம் தலைப்பு. என்றும் நேசிப்பேன் என்னும் தலைப்பைத் தனியாக எடுத்தால் அது உறுதிமொழிதான். பாடலுக்குள் வைத்துப் பார்த்தால்தான் அது விடைபெறும் சொல் என்று விளங்கும். இரண்டாம் காரணம் இசையமைப்பு. டிரம் ஒலிக்குப் பின் வரும் அந்த உச்சம் வெற்றி முழக்கம்போல் கேட்கிறது. முதல் சரணத்தின் தயக்கமும், மூன்றாம் சரணத்தின் வாழ்த்தும் அந்த முழக்கத்தில் மறைந்துவிடுகின்றன. பாடலில் மற்றவரின் நலத்துக்காகத் தன்னை விலக்கிக்கொள்ளும் ஒருவர் பேசுகிறார். ஆனால் மிக உரத்து ஒலிக்கும் சொல் 'நான்' என்பதாக இருக்கிறது. இது சிறிய குறை அன்று.

பின்னாளில் தொலைக்காட்சிப் பாட்டுப் போட்டிகள் பெருகியபோது இக்குறை பெரிதாகியது. போட்டியாளர்கள் பலர் இப்பாடலைத் தேர்ந்தெடுத்தனர். அவர்களில் பெரும்பாலோர் எடுத்துக்கொண்டது சுருதி உயரும் இடத்தைத்தான். குரலின் எல்லையை அளக்கும் தேர்வாகப் பாடல் சுருங்கியது. முதல் முக்கால் நிமிடத்தைப் பின்பற்றுவது கடினம். அங்கே குரல்வளம் மட்டும் போதாது. சொல்லின் பொருளை உணர்ந்து நிறுத்தத் தெரிய வேண்டும்.

இரு பதிவுகளின் ஒப்பீடு

பார்ட்டனின் பதிவு சிறந்ததா, ஹியூஸ்டனின் பதிவு சிறந்ததா என்பது இசை ஆர்வலர்களிடையே நீண்டகாலமாக நடந்துவரும் வாதம். பார்ட்டனின் பதிவை விரும்புவோர் அதன் அடக்கத்தைச் சுட்டுவர். எழுதியவரே பேசுவதால் அதில் நம்பகத்தன்மை இருக்கிறது. ஒரு சிறிய அறையில், எதிரில் இருக்கும் ஒருவருக்காகப் பாடப்பட்டதுபோல் அது ஒலிக்கிறது. ஹியூஸ்டனின் பதிவை விரும்புவோர், எளிய மெட்டுக்குள் இவ்வளவு உணர்ச்சி அடங்கியிருந்ததை அவர்தான் வெளிக்கொணர்ந்தார் என்பர்.

இரண்டு தரப்பிலும் உண்மை உண்டு. பிரிவில் இரு நிலைகள் உள்ளன. எதிரில் நிற்பவரிடம் நிதானமாகப் பேசி முடிப்பது ஒன்று. அவர் போனபின் அடக்கியதெல்லாம் வெடித்து வெளிவருவது மற்றொன்று. பார்ட்டனின் பதிவு முதல் நிலையோடு நின்றுவிடுகிறது. ஹியூஸ்டனின் பதிவு முதல் நிலையில் தொடங்கி இரண்டாம் நிலைக்குச் செல்கிறது. படத்தின் இறுதிக்காட்சிக்கு அது பொருத்தமே. ஆகவே அந்த உச்சம் வெளியிலிருந்து ஒட்டப்பட்டது என்று சொல்ல முடியாது. மூன்றாம் சரணத்தின் வாழ்த்துக்குப் பிறகு அது வருவதால், அதற்கு ஒரு நியாயம் கிடைக்கிறது. அச்சரணம் விடுபட்டிருந்தால் அதே உச்சம் வெறும் குரல் சாகசமாகியிருக்கும். பதிவின் கடைசி நொடிகளில் ஹியூஸ்டன் குரலை மீண்டும் தாழ்த்தி மென்மையாக முடிப்பதும் கவனிக்கப்பட வேண்டியது. போட்டிகளில் பாடுவோர் பலர் இந்த இறக்கத்தைக் கவனிப்பதில்லை.

ஹியூஸ்டனின் பதிவை முதன்முதலில் காரோட்டிச் செல்லும்போது வானொலியில் கேட்டதாகவும், உணர்ச்சி மிகுதியால் வண்டியை ஓரமாக நிறுத்த நேர்ந்ததாகவும் பார்ட்டன் கூறியிருக்கிறார். தொடக்கத்தில் அது தம் பாடல் என்றே அவருக்கு விளங்கவில்லை. எழுதியவருக்கே புதிதாகத் தோன்றும்படி ஒரு பாடலைப் பாடுவது எளிய செயலன்று.

2012இல் மீண்டும்

விட்னி ஹியூஸ்டன் 2012 பிப்ரவரி 11 அன்று தமது 48ஆம் வயதில் காலமானார். ஒரு வாரம் கழித்து, அவர் சிறுமியாகப் பாடிய அதே நியூவார்க் தேவாலயத்தில் இறுதிச் சடங்கு நடந்தது. பேழையை வெளியே எடுத்துச் சென்றபோது இப்பாடலின் பதிவு ஒலிக்கவிடப்பட்டது. அவ்வாரங்களில் பாடல் ஹாட் 100இல் மீண்டும் நுழைந்து 3ஆம் இடம் வரை உயர்ந்தது. 2022 சனவரியில் அமெரிக்க இசைப்பதிவுத் தொழில் சங்கம் இதற்கு வைரத் தகுதியை வழங்கியது. ஒரு கோடி அலகுகளைத் தொட்ட பாடலுக்குக் கிடைக்கும் தகுதி அது.

அந்த இறுதிச் சடங்கில் பாடல் தன் சொந்தப் பொருளுக்குத் திரும்பியது எனலாம். புறப்படுபவர் நிற்பவர்களை வாழ்த்தி விடைபெறுகிறார். இருபது ஆண்டுகள் திருமண மேடைகளில் உறுதிமொழியாகக் கேட்ட வரிகளை, அன்று அங்கிருந்தவர்கள் வேறு விதமாகக் கேட்டிருப்பார்கள்.

மதிப்பீடு

தரவரிசை பொய் சொல்வதில்லை. ஆனால் தன்னிடம் கேட்கப்படும் கேள்விக்கு மட்டுமே விடை சொல்கிறது. ஒரு வாரத்தில் எத்தனை பேர் வாங்கினார்கள், எத்தனை முறை ஒலிபரப்பானது என்பதே அந்தக் கேள்வி. பாடலின் எந்தப் பகுதிக்காக வாங்கினார்கள், பொருள் புரிந்ததா என்பவை அதில் அடங்கா. 14 வாரம் என்பது மதிக்கத்தக்க எண். அதில் ஒரு நல்ல மெட்டு, அரிய குரல், ஓடிக்கொண்டிருந்த திரைப்படம், பண்டிகைக்கால விற்பனை, புதிய கணக்கெடுப்பு முறை ஆகிய எல்லாவற்றுக்கும் பங்குண்டு.

இப்பாடலை ஆராய விரும்பும் மாணவர்கள் முதலில் பார்ட்டனின் 1974 பதிவைக் கேட்டுவிட்டு, பிறகு ஹியூஸ்டனின் பதிவைக் கேட்பது நல்லது. இரண்டாவதில் டிரம் ஒலிக்கும் இடத்திற்காகக் காத்திராமல், அதற்கு முந்தைய வாழ்த்துச் சரணத்தைக் கூர்ந்து கேட்க வேண்டும். உலகம் நினைவில் வைத்திருப்பது அதன்பின் வரும் ஒற்றைச் சொல்லைத்தான் என்றாலும், பாடல் எழுதப்பட்டது அதற்கு முந்தைய வாழ்த்துக்காகவே.